வீட்டுக் குப்பையில் செய்த பறவைப் பொம்மை: எந்தக் கோளாறுக்கு எங்கே பார்ப்பது

கொட்டாங்குச்சி, டிஷ்யூ ரோல் அட்டை, ஐஸ் குச்சி, பாக்குமட்டைத் தட்டு, பனை ஓலை. பட்ஜி, காக்டெயில், ஆப்பிரிக்கன் லவ் பேர்ட்ஸ், கன்யூர் மாதிரி வெளிநாட்டுக் கிளி இனங்களை வளர்க்கிறவர்களுக்கு இந்தக் குப்பைக்கூடையைவிட நல்ல பொம்மைக்கடை கிடையாது. செய்து மாட்டிய இரண்டாம் நாள் புகார் வரும். "தொடவே மாட்டேங்குது." "தின்னுடுச்சு போல." "கால் மாட்டிக்கிச்சு." திரும்பத் திரும்ப வரும் இந்தப் புகார்களை அறிகுறி வாரியாகப் பிரித்திருக்கிறேன். ஒவ்வொன்றிலும் செலவில்லாத காரணம் முதலில், பணம் பிடுங்கும் காரணம் கடைசியில்.

என் அனுபவத்தில் பொம்மையைவிட அதைத் தொங்கவிட்ட கயிறும் கம்பியும் வளையமும்தான் அதிகம் தொல்லை கொடுக்கின்றன. ஆகவே என்ன புகாராக இருந்தாலும் முதலில் பொம்மைக்கு மேலே கையை வையுங்கள்: முடிச்சு, கொக்கி, பிசிறு.

பச்சைக்கிளிக்கு என்ன பொம்மை செய்யலாம் என்று கேட்காதீர்கள். நம் நாட்டுப் பச்சைக்கிளியைக் கூண்டில் வளர்ப்பது 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி குற்றம். இங்கே சொல்வதெல்லாம் கூண்டிலேயே பிறந்து வளர்ந்த வெளிநாட்டு இனங்களுக்கு.

## எதையும் சோதிக்காமல் நேரே டாக்டரிடம் போக வேண்டியவை

- கூண்டின் தரையில் இறகை உப்பிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறது
- வாயைத் திறந்து மூச்சு விடுகிறது, ஒவ்வொரு மூச்சுக்கும் வால் ஏறி இறங்குகிறது
- ரத்தம் நிற்கவில்லை
- தள்ளாடுகிறது, வலிப்பு வருகிறது
- பெண் பறவை முக்குகிறது, பின்பக்கம் வீங்கியிருக்கிறது, முட்டை வரவில்லை

பறவைகள் முடிந்தவரை நோயை மறைத்தே வைக்கும். நம் கண்ணுக்குத் தெரிகிறது என்றாலே விஷயம் முற்றிவிட்டது என்று அர்த்தம். நாய், பூனை பார்க்கும் எல்லாக் கிளினிக்கிலும் பறவை பார்க்க மாட்டார்கள். யார் பார்ப்பார்கள் என்று பறவை நன்றாக இருக்கும்போதே போன் போட்டு விசாரித்து வைத்துக்கொள்ளுங்கள். சென்னை என்றால் வேப்பேரி கால்நடை மருத்துவக் கல்லூரி மருத்துவமனை இருக்கிறது. நாமக்கல், ஒரத்தநாடு, திருநெல்வேலியிலும் கால்நடை மருத்துவக் கல்லூரிகள் இருக்கின்றன.

## அறிகுறி: பொம்மையைத் தொடவே இல்லை

எதிர் மூலைக்குப் போய் ஒட்டிக்கொள்கிறதா?

அது பயம். பொம்மை பறவையைவிடப் பெரிதா என்று பாருங்கள். பெரிதென்றால் பாதியாக வெட்டுங்கள். அடுத்தது, திடீரென்று கூண்டுக்குள் மாட்டினீர்களா? வெளியே எடுத்து, கூண்டிலிருந்து ஓரடி தள்ளித் தொங்கவிடுங்கள். தினம் கொஞ்சம் கிட்டே கொண்டுவாருங்கள். பக்கத்தில் வந்தும் பறவை சாவகாசமாக இறகு கோதிக்கொண்டிருந்தால், அப்புறம் உள்ளே மாட்டலாம்.

காக்டெயில் வளர்ப்பவர்களுக்குக் கூடுதலாக ஒன்று. இந்த இனம் இருட்டில் மிரண்டு கூண்டெங்கும் முட்டிக்கொள்வதில் பேர் போனது. புதுப் பொம்மை ராத்திரி காற்றில் ஆடிக் கம்பியில் தட்டினாலே போதும். பழகும்வரை சாயங்காலம் கழற்றிவிட்டுக் காலையில் மாட்டுங்கள். மெல்லிய ராத்திரி விளக்கு ஒன்று எரிந்தால் நல்லது.

பயமில்லை, ஆனால் கண்டுகொள்ளவில்லையா?

இடத்தைப் பாருங்கள். கூண்டின் நடுவில் அந்தரத்தில் தொங்கும் பொம்மைக்கு எந்தப் பறவையும் மெனக்கெட்டுப் போகாது. அது வழக்கமாக உட்காரும் குச்சியிலிருந்து அலகு எட்டும் தூரத்தில், அதன் நெஞ்சு உயரத்தில் இருக்க வேண்டும். இதை மாற்றினாலே பாதிப் புகார் தீர்ந்துவிடுகிறது.

இடம் சரி என்றால் பொருளைப் பாருங்கள். பட்ஜியின் அலகுக்குக் கொட்டாங்குச்சி கருங்கல்தான். அதற்குக் காகிதம், பனை ஓலை, சோளத் தோகை. காக்டெயிலுக்குப் பாக்குமட்டை, மெல்லிய அட்டை, சாயமில்லாத ஐஸ் குச்சி. கன்யூருக்கு முருங்கைக் குச்சி மாதிரி மென்மரம். கொட்டாங்குச்சி அவற்றுக்கெல்லாம் கடிக்கும் பொருளாக ஆகாது, தட்டாகத்தான் பயன்படும்.

மூன்றாவது, விளையாடத் தெரியாமல் இருக்கலாம். கடையில் கூட்டமாக வளர்ந்த பறவை தட்டில் கொட்டிய தினையை மட்டும்தான் பார்த்திருக்கும். காகிதத்துக்குள் சாப்பாடு இருக்கும் என்று அதற்கு யார் சொன்னது? வெள்ளைக் காகிதத்தில் தினையை வைத்து மூடாமல் கொடுங்கள். மறுநாள் பாதி மூடுங்கள். அப்புறம் முறுக்குங்கள். கூண்டு முன்னால் உட்கார்ந்து நீங்களே ஒரு ஓலையைச் சத்தம் வரக் கிழியுங்கள். கூட்டமாக வாழும் ஜீவன், பார்த்துக்கொண்டு சும்மா இருக்காது.

முன்பு விளையாடியது, இப்போது இல்லையா?

சலிப்பாக இருந்தால் பொம்மையைக் கழற்றி வைத்துவிட்டு வாரம் கழித்து மாட்டுங்கள், பழசே புதுசாகிவிடும். மாற்றியும் அசையவில்லை, தூக்கம் அதிகம், சத்தம் குறைவு என்றால் எடை போடுங்கள் (எப்படி என்று கீழே இருக்கிறது).

## அறிகுறி: மாட்டிய அன்றே நார்நாராகக் கிழித்துவிட்டது

கோளாறே இல்லை. பொம்மை தன் வேலையைச் செய்து முடித்திருக்கிறது, அவ்வளவுதான். அலங்காரமாக ஒரு மணி நேரம் செலவழித்துச் செய்யாதீர்கள், மனசு வலிக்கும். ஒரு பாக்குமட்டைத் தட்டை நான்காக வெட்டி, நடுவில் ஆணியால் துளை போட்டு, வாழை நாரில் கோத்தால் முடிந்தது. விசேஷ வீட்டில் மிஞ்சிய, சாப்பாடு படாத தட்டுகளைக் கேட்டு வாங்கி வையுங்கள்.

குப்பை மட்டும் பெருகும். கிழித்த துண்டு தண்ணீர்க் கிண்ணத்தில் விழாதபடி பொம்மையைக் கிண்ணத்துக்கு நேர் மேலே மாட்டாமல் இருந்தால் சரி.

## அறிகுறி: கிழிக்கிறதா, தின்கிறதா என்று சந்தேகம்

இதில் அவசரப்பட்டும் பயப்படக் கூடாது, அலட்சியமாகவும் இருக்கக் கூடாது.

முதல் சோதனை இலவசம். தட்டில் வெள்ளைக் காகிதம் விரித்து, பறவை விளையாடும்போது பக்கத்தில் உட்காருங்கள். கிழிக்கிற பறவை ஒவ்வொரு துண்டையும் அலகில் உருட்டி, கீழே போட்டு, விழுவதைத் தலை சாய்த்துப் பார்க்கும். விழுங்குகிற பறவைக்கு நாக்கு வேலை செய்யும், கீழே துண்டே விழாது. ஒன்றிரண்டு தூசுத் துண்டு உள்ளே போனால் எச்சத்தில் வந்துவிடும்.

விழுங்குவது நார் என்றால்: உடனே கழற்றுங்கள். பருத்திக் கயிறு, கோணிச் சாக்கு, பழைய துணி ஆகியவற்றின் இழைகள் தீனிப்பையிலும் (கழுத்தடியில் தீனி தங்கும் பை) இரைப்பையிலும் சேர்ந்து பந்தாகி அடைத்துக்கொள்ளும். சாக்குப் பொம்மை படத்தில் அழகாக இருக்கும், கூண்டுக்கு வேண்டாம். தீனிப்பை காலையில் எழுந்தபோதும் உப்பலாகவே இருந்தால் டாக்டரிடம் காட்டுங்கள்.

எச்சத்தின் நிறம் மாறியிருந்தால்: கலர் காகிதம், சாயக் குச்சி கொடுத்தீர்களா? நிறுத்திவிட்டு ஒரு நாள் பாருங்கள். வழக்கமான நிறத்துக்குத் திரும்பினால் சாயம்தான். திரும்பவில்லை, அல்லது தண்ணீராகப் போகிறது, கருப்பு, சிவப்பு தெரிகிறது என்றால் காத்திருக்காதீர்கள். எந்தச் சாயமாக இருந்தாலும் சாயமில்லாததற்கே மாறிக்கொள்ளலாம். செய்தித்தாளில் பலகாரம் மடிக்க வேண்டாம் என்று உணவுப் பாதுகாப்பு ஆணையம் மனிதர்களுக்கே 2023இல் எச்சரித்தது. கூண்டின் அடித்தட்டில் விரிக்கப் பயன்படட்டும், தினை மடிக்க வேண்டாம். கடை பில் வருகிற வழவழப்புக் காகிதம், சோப்பு உறை, ஊதுபத்திப் பெட்டி, பசை டேப் ஒட்டிய அட்டை ஆகியவையும் வேண்டாம். அட்டைப் பெட்டியில் ஸ்டேப்ளர் பின் இருக்கிறதா என்று விரலால் தடவிப் பாருங்கள்.

நிறையத் தண்ணீர் குடிக்கிறது, எச்சம் நீர்த்துப் போகிறது, சோர்ந்திருக்கிறது என்றால்: உலோகத்தைச் சந்தேகப்படுங்கள். கொத்தனார் கட்டுகிற கட்டுக்கம்பியும், துத்தநாகம் பூசிய ஜிஐ கம்பியும்தான் நம் வீடுகளில் பொம்மை மாட்டக் கையில் கிடைப்பவை. ஜிஐ கம்பியின் பளபளப்பு துத்தநாகப் பூச்சு. வெள்ளையாகப் பொடி பூத்திருந்தால் பறவை அதை நக்கியே வாங்கிவிடும். காந்தம் வைத்துப் பாருங்கள். ஒட்டினால் மாட்டாதீர்கள். ஒட்டாததெல்லாம் நல்லது என்றும் இல்லை, ஈயமும் ஒட்டாது. நகத்தால் அழுத்திக் கீறினால் பளிச்சென்று கோடு விழும் சாம்பல் நிற உலோகம் ஈயமாக இருக்கலாம்: மீன்வலைக் குண்டு, திரைச்சீலை அடியில் தைத்த எடை, சால்டர் வைத்த இடம். பழைய ஜன்னல் பெயின்ட் செதிலும் இந்தப் பட்டியலில்தான்.

உலோக விஷத்துக்கு வீட்டு வைத்தியம் கிடையாது. எக்ஸ்ரே, ரத்தப் பரிசோதனை, உலோகத்தை வெளியேற்றும் ஊசி என்று போகும். இந்தக் கட்டுரையிலேயே செலவு அதிகமான கோளாறு இதுதான். கடித்த கம்பித் துண்டைக் கையோடு எடுத்துப் போங்கள்.

## அறிகுறி: கால், நகம், அலகு மாட்டிக்கொண்டது

பறவையை இழுக்காதீர்கள். விளக்கைக் குறைத்து, மெல்லிய துண்டால் மூடி, தலையை இரு விரலுக்கு நடுவில் பிடியுங்கள். நெஞ்சை அழுத்தவே கூடாது. பறவைக்கு நம்மைப்போல உதரவிதானம் இல்லை, நெஞ்சுக்கூடு விரிந்தால்தான் மூச்சு. இன்னொருவர் பொம்மைக்கு மேலே கயிற்றை வெட்டட்டும். பறவையை நூலோடு வெளிச்சத்துக்குக் கொண்டுவந்து, சின்னக் கத்தரியின் மழுங்கிய நுனியை நூலுக்கும் தோலுக்கும் நடுவில் நுழைத்து வெட்டுங்கள். நுழையவில்லை, நூல் சதைக்குள் புதைந்துவிட்டது என்றால் அங்கேயே நிறுத்திவிட்டு டாக்டரிடம் போங்கள். விரல் நீலமாகவோ கருப்பாகவோ மாறியிருந்தாலும், வீங்கியிருந்தாலும் அன்றே போக வேண்டும்.

நகம் உடைந்து ரத்தம் வந்தால் சோளமாவை (கார்ன்ஃப்ளார்) நகத்தின் நுனியில் வைத்து அழுத்திப் பிடியுங்கள். 35 கிராம் பட்ஜியின் உடம்பில் மொத்த ரத்தமே 3, 4 மில்லிதான். சில நிமிடத்தில் நிற்கவில்லை என்றால் கிளம்புங்கள்.

அடுத்த முறை மாட்டாமல் இருக்க, இந்த வரிசையில் பாருங்கள்:

1. கயிற்று நுனியில் பிசிறு இருக்கிறதா? வெட்டுங்கள். ஒரு முறை வெட்டியதோடு விட முடியாது, வாரா வாரம் பார்க்க வேண்டும்.
2. நைலானா? தூக்கிப் போடுங்கள். நைலான் அறுவதில்லை, கால்தான் அறும். வாழை நார் பட்டென்று அறுந்துபோகும். பொம்மை கீழே விழுகிறது என்று அதைத் திட்டுவார்கள், அந்த அறுந்து விழும் குணத்துக்காகத்தான் நான் அதை வைத்திருக்கிறேன்.
3. வளையத்தின் அளவு. தலை நுழைந்து உடம்பு நுழையாத வளையம்தான் ஆபத்து. தலையே நுழையாததாகவோ, உடம்பே தாராளமாகப் போகிறதாகவோ இருக்கட்டும். டிஷ்யூ ரோல் அட்டைக்கும் இதே கணக்கு. பறவை உள்ளே போய்த் திரும்ப முடியாதென்றால் நீளவாக்கில் ஒரு வெட்டு வெட்டி விடுங்கள்.
4. சாவி வளையம், சலங்கை. சாவி வளையத்தின் இடுக்கில் அலகு சிக்கும். சலங்கையின் கீறலில் நகம் சிக்கும். மணிச் சத்தம் வேண்டுமென்றால் இரண்டு எவர்சில்வர் ஸ்பூன்களைத் தொங்கவிடுங்கள்.
5. நகம் நீண்டு வளைந்திருந்தால் எந்தப் பொம்மையிலும் மாட்டும். வழவழ பிளாஸ்டிக் குச்சியை எடுத்துவிட்டு, கனம் ஒரே மாதிரி இல்லாத கொய்யாக் கிளையோ வேப்பங்கிளையோ வையுங்கள். அப்படியும் தேயாத நகத்தை வெட்ட முதல் முறை டாக்டரிடம் காட்டிக் கற்றுக்கொள்ளலாம்.

## அறிகுறி: பொம்மை மாட்டியதிலிருந்து முட்டை, கக்கல், கடி

நம்மூரில் பட்ஜியை இனப்பெருக்கம் செய்பவர்கள் கூண்டில் மண்பானை கட்டுவார்கள். இருட்டான பொந்துதான் அதற்குக் கூடு. பக்கத்தில் துளை போட்டு நீங்கள் ஆசையாகத் தொங்கவிட்ட முழுக் கொட்டாங்குச்சியும் அதன் கண்ணுக்குப் பானைதான். ஜோடியே இல்லாத பெண் பறவையும் முட்டையிடும்.

ஆப்பிரிக்கன் லவ் பேர்ட்ஸில் இது வேறு விதமாகத் தெரியும். பீச் நிற முகமுள்ள வகையின் பெட்டை, காகிதத்தின் ஓரத்தில் அலகை வைத்துத் தையல் மிஷின் ஊசி போல வரிசையாகக் குத்திக்கொண்டே போகும். கடைசியில் ஒரே அகலத்தில் நீளத் துண்டு ஒன்று கழன்று வரும். அதை எடுத்து இடுப்பு இறகுக்குள் செருகிக்கொள்ளும். பாதி விழுந்துவிடும், திரும்ப எடுத்துச் செருகும். மணிக்கணக்கில் பார்க்கலாம். பார்த்து ரசித்துவிட்டு, செருக ஆரம்பித்த அன்றே காகிதத்தை நிறுத்திக் கடினமான பொருளுக்கு மாறுங்கள். அது கூடு கட்டுகிற ஏற்பாடு.

செய்ய வேண்டியது: கொட்டாங்குச்சி, பெட்டி, குழல் எல்லாவற்றையும் எடுங்கள். கொட்டாங்குச்சி வேண்டுமென்றால் பாதியாக உடைத்துத் தட்டு போல மாட்டலாம். ராத்திரி டிவி வெளிச்சத்தில் கூண்டு இருக்கக் கூடாது, சாயங்காலமே மூடி நீண்ட இருட்டு கொடுங்கள். ஏற்கெனவே இட்ட முட்டையை உடனே எடுத்தால் ஈடுகட்ட இன்னொன்று இடும். அடைகாத்துச் சலித்து அதுவே விட்டுவிடும்வரை இருக்கட்டும். கணவாய் ஓடு (கடையில் கடல்நுரை என்பார்கள்) எப்போதும் கூண்டில் இருக்க வேண்டும்.

கக்குகிறதா? ஆண் பட்ஜி கண்ணாடிக்கும் பளபளக்கும் ஸ்பூனுக்கும் தலையை ஆட்டி ஆட்டித் தீனி கக்கிக் கொடுத்தால் அது காதல், பளபளப்பை எடுத்தால் போய்விடும். தலையை உதறிக் கக்கி, நெற்றி இறகில் ஈரமாகத் தீனி ஒட்டியிருந்தால் அது வாந்தி, டாக்டர்.

எடுத்த பிறகும் முட்டை தொடர்கிறதா? மருந்து தேவைப்படும், டாக்டரிடம் பேசுங்கள். முட்டை அடைத்துக்கொண்டால் எண்ணெய் தடவுவது, வெந்நீர் ஒத்தடம் என்று நேரம் கடத்தாமல் பெட்டியைக் கதகதப்பாக வைத்துக்கொண்டு ஓடுங்கள்.

## அறிகுறி: வாடை, பூஞ்சை, எறும்பு

எறும்பு என்றால் பழம் வைத்த பொம்மையைச் சாயங்காலத்துக்குள் எடுக்கவில்லை என்று அர்த்தம். எறும்புப் பொடியும் சாக்பீஸும் கூண்டுப் பக்கமே வரக் கூடாது.

பூஞ்சை பெரிய விஷயம். ஐப்பசி, கார்த்திகை மழையில் தேங்காய் நார், சோளக் கொண்டை, வேர்க்கடலைத் தோடு எல்லாம் உள்ளுக்குள் பூத்துவிடும். வெளியே தெரியாது. மூக்கருகே கொண்டுபோங்கள், மக்கிய வாடை வந்தால் குப்பைக்கு. கழுவிக் காயவைத்துத் திரும்ப மாட்டும் சிக்கனம் இதில் வேண்டாம். பூஞ்சை வித்து பறவையின் காற்றுப்பைகளில் குடியேறினால் மாதக்கணக்கில் வைத்தியம். குரல் மாறினாலோ, மூச்சுக்கு வால் ஆடினாலோ முதல் பட்டியலுக்குத் திரும்புங்கள். மழைக்காலத்தில் பனை ஓலையும் காகிதமும் போதும்.

முட்டை அட்டையையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். அதில் ஒட்டியிருக்கும் கோழி எச்சத்தில் சால்மோனெல்லா இருக்கலாம். அட்டையைக் கழுவ முடியாது. வேண்டாம்.

மரக்கிளை என்றால் தேய்த்துக் கழுவி, கொதிநீர் ஊற்றி, நல்ல வெயிலில் முழுக்கக் காயவையுங்கள். கொய்யா, முருங்கை, வேம்பு நல்லவை. அரளி, ஊமத்தை, எருக்கு, குரோட்டன்ஸ் கூடவே கூடாது. சாலையோரக் கிளையும் மருந்தடித்த தோட்டக் கிளையும் வேண்டாம்.

## அறிகுறி: பொம்மை இருந்தும் இறகு பிடுங்குகிறது, கத்துகிறது

பொம்மையால் தீராததும் உண்டு. தூக்கம் 10, 12 மணி நேரம் கிடைக்கிறதா, கூண்டு சமையல் புகையில் இருக்கிறதா, பகலெல்லாம் தனியாக இருக்கிறதா என்று பாருங்கள். குளிக்கத் தண்ணீர் வைக்கிறீர்களா? கொத்தமல்லிக் கட்டை நன்றாக அலசி ஈரத்தோடு தொங்கவிட்டால் பட்ஜி அதில் உரசியே குளிக்கும். இறகு உதிர்வதற்கும் பிடுங்குவதற்கும் ஒரு வித்தியாசம்: தலையில் இறகு முழுசாக இருந்து, அலகு எட்டும் நெஞ்சும் இறக்கையின் உள்புறமும் மட்டும் மொட்டையாக இருந்தால் பிடுங்குகிறது. தோல் தெரிந்தாலோ புண் இருந்தாலோ டாக்டர். பேன், தோல் நோய், உள்நோய் எதுவாகவும் இருக்கலாம்.

இரண்டு பறவை ஒரே பொம்மைக்குச் சண்டை போட்டால் தீர்வு இன்னொரு பொம்மை, கூண்டின் மறுபக்கத்தில்.

## அறிகுறி: தீனி தேடும் பொம்மை வைத்தபின் மெலிந்துவிட்டது

முதல் காரணம், ஆர்வக் கோளாறு. எல்லாத் தீனியையும் காகிதத்துக்குள் மறைத்துவிட்டுக் கிண்ணத்தைக் காலியாக வைத்திருப்பீர்கள். சின்னப் பறவை ஒரு நாள் பட்டினியைத் தாங்காது. பாதித் தீனி எப்போதும் கிண்ணத்தில் இருக்கட்டும்.

இரண்டாவது காரணம், உமி. கிண்ணம் நிறைந்திருப்பதுபோலத் தெரியும், மேலே ஊதினால் பறந்துவிடும், அடியில் ஒரு தினைகூட இருக்காது. தினமும் ஊதிப் பாருங்கள்.

மூன்றாவது, நோய். இதைக் கண்ணால் கண்டுபிடிக்க முடியாது, இறகு மறைத்துவிடும். ஒரு கிராம் வரை காட்டும் சமையலறைத் தராசு வாங்குங்கள். காலையில், தீனி கொடுக்கும் முன், ஒரே நேரத்தில் எடை போட்டு எழுதி வையுங்கள். பட்ஜி பெரும்பாலும் 30 முதல் 40 கிராம், காக்டெயில் 80 முதல் 100 கிராம் வரை இருக்கும். ஆனால் ஊர்க்கணக்கைவிட உங்கள் பறவையின் வழக்கமான எடைதான் முக்கியம். அதில் பத்தில் ஒரு பங்கு குறைந்தால், அதாவது 35 கிராம் பட்ஜியில் மூன்றரை கிராம் போனாலே, பொம்மையைக் கழற்றிவிட்டு டாக்டரிடம் போங்கள்.

போகும்போது எடை எழுதிய தாளையும், அன்றைய எச்சம் விழுந்த காகிதத்தையும், கடித்த பொம்மையையும் எடுத்துக்கொள்ளுங்கள். பறவையைக் காற்றுத்துளை போட்ட அட்டைப் பெட்டியில், அடியில் துண்டு விரித்து, மூடிக் கொண்டுபோங்கள். பைக்கில் கூண்டைத் தொங்கவிட்டு வேண்டாம், ஆட்டோ பிடியுங்கள்.